கருங்கல் லாரியில் வந்த ஓணான்

கடலோரத்தில் குடியிருக்கிறோம் என்று சொன்னால் வெளியூர் உறவினர்கள் உடனே மெரினாவை நினைத்துக்கொள்கிறார்கள். திருவொற்றியூரில் எங்களுக்கு வாய்த்திருப்பது கருங்கல். துறைமுகம் கட்டிய பிறகு தெற்கிலிருந்து வரும் மணல் அங்கேயே தடைபட்டு மெரினா அகன்றுகொண்டே போக, இந்தப் பக்கம் கடல் கரையைத் தின்னத் தொடங்கியது. அதைத் தடுக்க லாரி லாரியாகப் பாறைகளைக் கொண்டுவந்து கொட்டினார்கள். அந்தக் கல்சுவரின் மேல்தான், கடந்த ஏப்ரல் மாதத்தில் ஒரு காலை, தலையும் தோளும் செக்கச் சிவந்து, தொண்டையின் இருபுறமும் கரி பூசியது போன்ற கறுப்புடன் ஓர் ஓணான் தண்டால் எடுத்துக்கொண்டிருப்பதைக் கண்டேன்.

ஓணான் என்று இப்போது எளிதாக எழுதிவிட்டேன். அன்று எனக்கு அது ஓணானாகத் தெரியவில்லை. முந்தைய வாரம்தான் பாறை ஓணானைப் பற்றிப் படித்திருந்தேன் என்பது என் கேடு.

தென்னிந்தியக் குன்றுகளில் வாழும் இந்த இனத்தில் பெண்ணும் குஞ்சும் பாறையின் நிறத்திலேயே இருக்க, ஆண் மட்டும் இனப்பெருக்கக் காலத்தில் முதுகில் சிவப்பும் பக்கவாட்டில் கறுப்புமாக மாப்பிள்ளைக் கோலம் பூணும். பெண்ணைக் கண்டால் அந்த முதுகு சிவக்கும், இன்னோர் ஆண் எதிரே வந்து நின்றால் மஞ்சளாகும் என்று பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தில் ஆராய்ந்து எழுதியிருக்கிறார்கள். 1831இல் ஜான் எட்வர்ட் கிரே என்ற ஆங்கிலேயர் இதற்கு அறிவியல் பெயர் சூட்டினார். 1843இல் ஃபிட்சிங்கர் என்ற ஆஸ்திரியர் இதன் பேரினத்துக்கு வைத்த ‘சாமோஃபிலஸ்’ என்ற பெயருக்குக் கிரேக்கத்தில் ‘மணல் விரும்பி’ என்று பொருள். பாறையை விட்டு இறங்க மனமில்லாத பிராணிக்கு மணல் விரும்பி என்று பெயர் வைத்தவர், எங்கள் கல்சுவரைக் கடற்கரை என்று அழைப்பவர்களுக்கு ஏதோ ஒரு வகையில் உறவினராகத்தான் இருக்க வேண்டும்.

குன்றில் இருக்க வேண்டியது கடலோரத்துக்கு எப்படி வந்தது என்ற கேள்வி எழுந்தபோது, என்னிடம் விடை தயாராக இருந்தது: உள்நாட்டுக் கல்குவாரியிலிருந்து பாறை வந்த லாரியிலேயே, பயணச்சீட்டு வாங்காமல், இடுக்கில் ஒளிந்து வந்திருக்கிறது. தெரு வாட்ஸ்அப் குழுவில் இந்தக் கண்டுபிடிப்பை ஏழு பத்திகளில் எழுதி வெளியிட்டேன். கூடவே போட்ட படத்தில் கடலும் ஒரு செம்புள்ளியும் தெரிந்தன.

முதல் மறுப்பு, எங்கள் தெருவில் ‘கப்பல்காரர்’ என்றே எல்லோரும் அழைக்கும் பெரியவரிடமிருந்து வந்தது. முப்பது ஆண்டுகள் சரக்குக் கப்பல்களில் வேலை பார்த்தவர் என்பதால், வடசென்னையில் நடக்கும் எதற்கும் அவரிடம் வெளிநாட்டு முன்னுதாரணம் ஒன்று இருக்கும். “தம்பி, இது நம்ம நாட்டுதே இல்ல. மொம்பாசாவுல ஓட்டல் செவுரு பூரா இதான். அகமான்னு சொல்லுவான்” என்று குரல் செய்தி அனுப்பினார். கன்டெய்னரில் ஏறி நம் துறைமுகத்தில் இறங்கியிருக்கிறது என்பது அவருடைய தீர்ப்பு. கோயில் பக்கத்தில் குடியிருக்கும் குருக்கள் ஒருவர் அதைப் பாதி கேட்டுவிட்டு, ஓணானுக்கு எதற்கு ஆகமம் என்று வினவியதில் அன்றைய மாலைப் பொழுது முழுவதும் வேறு திசையில் போய்விட்டது.

கப்பல்காரரை மடக்குவதற்காக இரவெல்லாம் ஆப்பிரிக்க அகமாக்களைத் தேடிப் படித்தேன். படிக்கப் படிக்க அவர்மேல் மதிப்புதான் கூடியது. ஒரு காலத்தில் ஒரே இனமென்று பொதுவாக எண்ணப்பட்டவற்றை இப்போது ஊர்வாரியாகப் பல இனங்களாகப் பிரித்திருக்கிறார்கள். மேற்கே கானா, நைஜீரியா பக்கத்து ஆணுக்குத் தலையும் ஆரஞ்சு, வாலின் நடுப்பகுதியும் ஆரஞ்சு, வால் நுனி கறுப்பு. கிழக்கே கென்யாவில் இருப்பதற்குத் தலை ஆரஞ்சு, உடல் நீலம், வாலில் நீலமும் வெள்ளையுமாக வளையங்கள். விக்டோரியா ஏரிக்கரையிலுள்ள ம்வான்ஸா நகரத்தின் பெயரையே தாங்கிய இன்னோர் இனத்தில், மார்பு வரை சிவப்பும் அதற்குக் கீழே கருநீலமும் இருப்பதால், அதை ஸ்பைடர்மேன் என்று அழைத்துச் செல்லப்பிராணியாகவும் விற்கிறார்கள். சுருங்கச் சொன்னால் அகமாவுக்கு வால்தான் பாஸ்போர்ட். எந்த ஊர்க்காரர் என்பதைப் பெரும்பாலும் அதைப் பார்த்தே சொல்லிவிடலாம்.

ஆகவே மறுநாள் காலை ஆறரை மணிக்கு, வாலைச் சோதனையிடுவதற்காக நாங்கள் இருவரும் கல்சுவரின் மீது ஏறினோம். எங்களுக்கு முன்பே அங்கே கருவாடு காயவைக்கும் ஆயா உட்கார்ந்திருந்தார். சாலையில் கன்டெய்னர் லாரிகள் வழக்கம்போல் வரிசைகட்டி நின்றன. சுவருக்கும் சாலைக்கும் நடுவே வேலிகாத்தான் புதர் மண்டியிருந்தது. ஓணான், காரப்பொடி மீன் பரப்பியிருந்த சாக்கின் ஓரத்தில், ஈ ஒன்று இறங்குவதற்காகக் காத்துக்கொண்டிருந்தது. வால் உடம்பைப் போல் இரு மடங்குக்கு மேல் நீளமாக இருந்தது; ஆனால் அதில் ஆரஞ்சும் இல்லை, நீலமும் இல்லை, வெறும் மண் நிறம். கப்பல்காரர் சிறிதும் அசராமல், “உப்புக்காத்துல வெளுத்துப்போச்சு” என்றார்.

ஆயா எங்களை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “நம்ம ஓணான்பா அது. மூணு மாசமா இங்கதான் ஈ தின்னுனு கெடக்குது” என்றார். துறை சாராத கருத்து என்று இருவரும் அதை ஒருமனதாகத் தள்ளுபடி செய்தோம். நானும் கப்பல்காரரும் ஒத்துப்போன ஒரே இடம் அதுதான்.

கிட்டே போய்ப் படமெடுக்கலாம் என்று அடுத்த பாறையில் கால் வைத்தேன். பாசி என்ற ஒன்று கடலோரக் கல்லில் இருக்கும் என்பது, அங்கேயே பிறந்து வளர்ந்த எனக்கு அந்த நேரத்தில் நினைவுக்கு வரவில்லை. நான் உட்கார்ந்த வாக்கில் இறங்கினேன். என் வலது கால் செருப்பு இரண்டு பாறைகளுக்கு நடுவே போய்ச் செருகிக்கொண்டது. கைக்கு எட்டாத ஆழம். கண்ணுக்கு மட்டும் நன்றாகத் தெரிந்தது. அந்தச் செருப்பைப் பார்த்த ஓணான், தனக்காகவே போட்ட மேடை என்று கருதியதோ என்னவோ, சாக்கிலிருந்து துள்ளி அதன் மேல் ஏறி, கழுத்தை உப்பவைத்து, நான்கு தண்டால் எடுத்தது. ஓர் அடி தூரத்திலிருந்து, அசையாமல், ஐந்து படங்கள் எடுத்தேன். எழுந்திருக்க முடியாததால் அசையவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

அந்தப் படங்களைக் கிருஷ்ணகிரியில் இருக்கும் என் மைத்துனனுக்கு அனுப்பினேன். வீட்டுக்குப் பின்னாலேயே குன்று இருப்பதால் அவன் பாறை ஓணான்களோடு சேர்ந்து வளர்ந்தவன். பத்து நிமிடத்தில் அழைத்தான். “மாமா, பிடரியில என்ன இருக்குன்னு பெருசு பண்ணிப் பாருங்க” என்றான். பார்த்தேன். பிடரியில் தொடங்கி முதுகு நெடுக, சீப்பின் பற்களைப் போல முட்கள் வரிசையாக நின்றன. காதுக் குழிக்கு மேலே இரண்டு இடங்களில் பொடி முட்கள் இருந்தன. செதில்கள் பெரிதாக, ஓடு வேய்ந்ததுபோல் ஒன்றன்மேல் ஒன்று படிந்திருந்தன. பாறை ஓணானுக்கு முதுகில் இந்தச் சீப்பு கிடையாது என்றும், செதில் மிகப் பொடியாக இருக்கும் என்றும், இடுக்கில் நுழைவதற்கேற்ப உடம்பு தட்டையாக இருக்கும் என்றும் பொறுமையாக விளக்கிவிட்டு, “இது வேலி ஓணான், மாமா” என்று முடித்தான். பின்னணியில் என் மனைவியின் தாயார் சிரிப்பது கேட்டது.

வேலிகாத்தான் புதர் பக்கத்திலேயே இருந்தும் எனக்கு உறைக்கவில்லை. வேலிக்கு ஓணான் சாட்சி என்பார்கள். இங்கே ஓணானுக்கு வேலி சாட்சி சொல்லிக்கொண்டு நின்றிருக்கிறது, நாங்கள்தான் விசாரிக்கவில்லை. இந்த வேலி ஓணானின் ஆணும் இனப்பெருக்கக் காலத்தில் தலை சிவக்கும். தலையை ஆட்டி ரத்தத்தை உறிஞ்சிவிடும் என்று சொல்லி, சிறுவயதில் எங்களைத் தொப்புளை மூடிக்கொண்டு ஓடவைத்தது இதே சிவப்புதான். அந்த வயதில் பயந்து ஓடத் தெரிந்த அளவுக்குக்கூட இப்போது அடையாளம் தெரியவில்லை. ஒரே ஓர் ஆறுதல் உண்டு. 1802இல் டோடன் என்ற பிரெஞ்சுக்காரர் ‘வெர்சிகலர்’, அதாவது பல நிறத்தான், என்று பெயர் சூட்டிய இந்த ஓணானையும் 2021இல் ஊர்வாரியாகப் பிரித்துவிட்டார்கள். வடக்கேயும் வடகிழக்கேயும் இருப்பவை வேறு இனங்களாக விலகிப் போக, பழைய பெயர் தென்னிந்திய ஓணானிடமே தங்கிவிட்டது. இதையும் குழுவில் எழுதினேன். யாரும் படித்ததாகத் தெரியவில்லை. செருப்பு கிடைத்ததா என்று மட்டும் பதினொரு பேர் கேட்டிருந்தார்கள்.

உண்மையான பாறை ஓணானைக் காட்டாமல் விடுவதில்லை என்று, மே மாதம் கிருஷ்ணகிரிக்குப் போனபோது மைத்துனனோடு குன்றில் ஏறினேன். ஆண் ஒன்று உச்சிப் பாறையில் முதுகு சிவக்க நின்றிருந்தது. நான் கைபேசியை வெளியே எடுப்பதற்குள் இடுக்குக்குள் போய்விட்டது. அரை மணி நேரம் வெயிலில் காத்திருந்தும் திரும்பவில்லை. பெண் மட்டும், அருகிலேயே, எங்களைப் பொருட்படுத்தாமல் எறும்பு தின்றுகொண்டிருந்தது. அதையே படமெடுத்து, ‘அசல் பாறை ஓணான்’ என்று தலைப்பிட்டுக் குழுவில் போட்டேன்.

கப்பல்காரரின் பதில் உடனே வந்தது: “படத்துல ஓணானும் தெரியல, செருப்பும் தெரியல தம்பி. கல்லு மட்டும் நல்ல கல்லா கீது. அடுத்த லாரில ஏத்தி அனுப்பச் சொல்லு.”