விருந்தினர் வரும்போது மிரளும் பூனை
வீட்டுக்கு விருந்தினர் வந்ததும் கட்டிலுக்கு அடியில் போய் ஒடுங்கிக்கொள்ளும் பூனையை, அவர்களுக்குக் காட்டும் ஆசையில் வெளியே இழுக்க வேண்டாம் என்று அன்போடு கேட்டுக்கொள்கிறேன். ஒளிந்துகொள்வதுதான் அதன் தற்காப்பு. அந்த இடத்தையும் பறித்துவிட்டால் அச்சம் இன்னும் கூடும். ஆள் நடமாட்டமில்லாத ஓர் அறையில் தண்ணீர், மலசலம் கழிக்க மணல் தட்டு, அது வழக்கமாகப் படுக்கும் துணி ஆகியவற்றை முன்கூட்டியே வைத்துவிட்டு, வந்தவர்களிடம் பூனையை உற்றுப் பார்க்காமலும் கூப்பிடாமலும் அமர்ந்திருக்கும்படி சொல்லுங்கள், குறிப்பாகக் குழந்தைகளிடம். நேர்ப்பார்வை அதற்கு மிரட்டலாகவே படும். அதைப் பார்க்க நேர்ந்தால் நம் கண்களை மெல்ல மூடித் திறப்பது அதற்கு இதமானது. காதுகள் பின்னோக்கி மடிந்து, கண்மணி அகல விரிந்திருந்தால் நெருங்காதீர்கள். தானாகவே வந்து விரல் நுனியை முகர்ந்து, கன்னத்தை உரசினால் மட்டும் தாடையோரமாக மெதுவாகத் தடவிக்கொடுக்கலாம்.