திருவெண்பாக்கத்தில் கிடைத்த ஊன்றுகோல்

திருவெண்பாக்கம் எனப்படும் தலமான பூண்டி ஊன்றீஸ்வரர் சந்நிதிக்கு என்னை அழைத்து வருவதாக அம்மா நேர்ந்துகொண்டிருந்தது எனக்கு வெகுநாள் தெரியாது. நான் பணியாற்றிய தனியார் கல்லூரியில் மாணவர் சேர்க்கை குறைந்து எங்கள் துறையையே மூடிவிட்டார்கள். அதன்பின் சென்ற நேர்முகத் தேர்வுகள் ஒவ்வொன்றும் கைநழுவியதில், வகுப்பில் மணிக்கணக்காகப் பாடம் நடத்திய எனக்கு நான்கு பேர் முன்னிலையில் வாய் திறக்கவே அச்சமாகிவிட்டது.

திருவள்ளூரில் ஆட்டோக்காரர்கள் வாய்க்கு வந்த கட்டணத்தைக் கேட்டார்கள். பேருந்திலோ, நீர்த்தேக்கம் பார்க்கப் புறப்பட்ட ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் முழங்கால் வலியோடு நின்ற அம்மாவுக்கு இடம் தர ஒருவரும் எழவில்லை. அதை நினைத்தால் இப்போதும் மனம் கசக்கிறது. அந்தக் கூட்டம் அணையோடு நின்றுவிட்டதால் கோயிலில் நிம்மதியாகத் தரிசிக்க முடிந்தது. 1944-இல் கட்டி முடிக்கப்பட்ட அந்த நீர்த்தேக்கத்துக்காகத் தம் பழைய இடத்தை விட்டுக்கொடுத்துவிட்டு இங்கே எழுந்தருளியிருக்கும் பெருமான் அவர்.

திருவொற்றியூரில், உன்னைப் பிரியேன் என்று மனைவி சங்கிலியாருக்குத் தந்த சத்தியத்தை மீறிக் கண்ணிழந்த, சிவனின் தோழரான சுந்தரர், தட்டுத்தடுமாறி இங்கு வந்து, கோயிலில் இருக்கிறாயா என்று கேட்டபோது, ‘உளோம் போகீர்’ என்று அயலாரைப் போல விடையளித்த பெருமான், பார்வையைத் தராமல் ஓர் ஊன்றுகோலை மட்டும் தந்தார். சினந்த சுந்தரர் வீசியெறிந்த கோல் பட்டு ஒடிந்த கொம்போடுதான் நந்தி இன்றும் அமர்ந்திருக்கிறார். அந்தக் கொம்பின் முறிந்த விளிம்பைப் பார்த்தபடியே நெடுநேரம் நின்றேன். அத்தனை கோபத்தையும் தாங்கிக்கொண்டு, தோழமையில் அணுவளவும் குறையாதிருந்த ஈசனிடம், இவ்வளவு காலம் மனத்துக்குள் பூட்டி வைத்திருந்த ஆற்றாமையை எல்லாம் கொட்டினேன். ஏன் என்னைக் கைவிட்டாய் என்று கேட்டே விட்டேன். குருக்கள் தீபாராதனை காட்டியபோது கண்ணீர் மறைத்ததால் திருமேனியைச் சரியாகப் பார்க்கக்கூட முடியவில்லை.

திருநீறு பெற்றுக்கொண்டு மின்னொளி அம்மை சந்நிதிக்குத் திரும்புகையில், அம்மா என் தோளை இறுகப் பற்றி, தன் பாரம் முழுவதையும் என்மேல் சாய்த்துப் படியைக் கடந்தார். யாருக்கும் பயன்படாதவள் என்று நான் ஒதுக்கி வைத்திருந்த என்னை நம்பித்தான் அவர் அவ்வளவு தூரம் வந்திருக்கிறார் என்பது அப்போதுதான் உறைத்தது. சுந்தரருக்கு மின்னலாய் வழி காட்டிய தாயே, எனக்கும் காட்டினாயே!

எங்கள் பகுதிப் பள்ளியொன்றில் கணக்கு ஆசிரியர் வேலைக்கு அழைத்திருந்தார்கள். கல்லூரியில் இருந்தவள் பள்ளிக்குப் போவதா என்று பதில் சொல்லாமல் வைத்திருந்தேன். மறுநாளே போய்ச் சேர்ந்துவிட்டேன். கரும்பலகை முன் நின்றதும் குரல் தானாக வந்தது. சுந்தரருக்கு இடக்கண் கிடைத்த காஞ்சி ஏகம்பத்துக்கும், வலக்கண் கிடைத்த திருவாரூருக்கும் அம்மாவை அழைத்துப் போவதாக இப்போது நான் நேர்ந்துகொண்டிருக்கிறேன். கோடை விடுமுறையில் ஊன்றீஸ்வரர் அதையும் நடத்திக் கொடுப்பார்.