லீ ஊரில் ஒரு சேவல்

குப்பைத் தொட்டியை உருட்டிக்கொண்டு தெருவோரம் போய்க்கொண்டிருந்தேன். பக்கத்து வீட்டுப் பெரியவர் வேலிக்கு மேலே தலையை நீட்டி, "ஆல்ரைட், காக்?" என்றார்.

பதினான்கு ஆண்டுகள் கோவில்பட்டியில் பிள்ளைகளுக்கு ஆங்கிலம் நடத்தியவன் நான். அந்தச் சொல்லுக்கு எனக்குத் தெரிந்த பொருள் இரண்டு. ஒன்று சேவல். இன்னொன்றை வகுப்பில் வாய்விட்டுச் சொல்ல முடியாது. ஊரில் நான் நடந்து போனால் டீக்கடை பெஞ்சில் இருப்பவர்கள்கூட எழுந்து "வாங்க சார்" என்பார்கள். இங்கிலாந்தில் இந்த லீ ஊருக்கு வந்து மூன்றாவது வாரம், குப்பைத் தொட்டியும் கையுமாக, சேவல் ஆகிவிட்டேன்.

இரவுப் பணி முடிந்து வந்த மனைவியிடம் முறையிட்டேன். அவள் மருத்துவமனையில் செவிலி. சிரிப்பை அடக்க முடியாமல் கோட்டைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்துவிட்டாள். "வார்டில் தினமும் பத்துப் பேர் என்னையும் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். நம் ஊரில் 'என்ன வே' என்பது போல."

'வே'! திருநெல்வேலிப் பக்கத்து ஆண்கள் சம வயதுக்காரனை உரிமையோடு கூப்பிடும் அந்த ஓரெழுத்தை வெளியூர்க்காரர்கள் மரியாதைக் குறைவு என்று நினைத்துச் சண்டைக்கு வருவார்கள். அந்த வெளியூர்க்காரனின் இடத்தில் இப்போது நான் நின்றேன்.

லீ, மான்செஸ்டருக்கு மேற்கே உள்ள ஊர். ஒரு காலத்தில் பஞ்சாலைகளும் நிலக்கரிச் சுரங்கங்களும் இருந்த இடம். ரயில் நிலையத்தை 1969-இல் மூடிவிட்டார்கள். இத்தனை பெரிய ஊருக்கு இன்றும் ரயில் கிடையாது. இறைச்சியும் உருளைக்கிழங்கும் போட்டு நெடுநேரம் வேகவைக்கும் 'லாபி' என்ற குழம்பு இவர்களுடைய பெருமை. ஒரு நாள் பெரியவர் ஒரு கிண்ணம் கொடுத்தனுப்பினார். ரகசியமாக மிளகாய்ப்பொடி தூவிச் சாப்பிட்டோம், அருமையாக இருந்தது.

அவர் சுரங்கத்தில் வேலை பார்த்தவர், எண்பதை நெருங்குகிறார். நான் ஆசிரியர் என்று தெரிந்ததும், "எங்களுக்கு ஓவியம் சொல்லிக்கொடுத்த வில்லியம்ஸ் வாத்தியார் ஆஸ்கர் வாங்கினார், தெரியுமா?" என்றார். நம்பவில்லை. எந்த ஊரிலும் இப்படி ஒரு கதை உண்டு. எங்கள் ஊரில் ஒருவர் எம்.ஜி.ஆருக்கே சிலம்பம் கற்றுக்கொடுத்ததாகச் சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார்.

ஆனால் இது உண்மை. காலின் வில்லியம்ஸ் 1934-இல் இதே ஊரில் பிறந்து, லிவர்பூலில் வளர்ந்து, திரும்பி வந்து இங்கே ஒரு பள்ளியில் ஓவிய ஆசிரியராக இருந்தவர். பிறகு மான்செஸ்டரில் நாடகத்தில் சேர்ந்தார். காலின் வெலண்ட் என்ற பெயரில் 'இசட் கார்ஸ்' தொலைக்காட்சித் தொடரில் போலீஸ்காரராக வந்தார். கதாநாயகனாகும் உடம்பும் இல்லை, முகமும் இல்லை. பருத்த உருவம், பக்கத்து வீட்டுக்காரர் போன்ற முகம். டென்னிஸ் பாட்டரின் ஒரு நாடகத்தில் பெரியவர்களே ஏழு வயதுச் சிறுவர்களாக நடிப்பார்கள். அதில் இவரும் அரைக்கால் சட்டை போட்டுக்கொண்டு ஓடுவார்.

பிறகு எழுத உட்கார்ந்தார். லீட்ஸ் நகரத்துத் தையல் தொழிற்சாலைப் பெண்களின் வேலைநிறுத்தத்தை 1974-இல் தொலைக்காட்சி நாடகமாக்கினார். 1924 பாரிஸ் ஒலிம்பிக் பற்றித் திரைக்கதை எழுத வேண்டி வந்தபோது, அந்தக் காலத்து நினைவுகள் யாரிடமாவது உண்டா என்று செய்தித்தாளில் விளம்பரம் கொடுத்தார். ஓட்டப்பந்தய வீரர் ஒருவரின் மகன், தந்தை அன்று வீட்டுக்கு எழுதிய கடிதங்களின் நகல்களை அனுப்பினார். அந்தக் கடிதங்களைப் பிடித்துக்கொண்டுதான் 'சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்' கதை நகர்கிறது. வீட்டுக்கு எழுதிய கடிதம் என்றதும் எனக்கு மனம் நழுவிவிட்டது. என் அம்மா கடிதம் எழுதுவதில்லை. வாட்ஸ்அப்பில் குரல் அனுப்புகிறார். பின்னணியில் குக்கர் விசில் கேட்கும். எத்தனையாவது விசில் என்று எண்ணிக்கொண்டிருப்பேன், அம்மா சொன்னது காதில் விழுந்திருக்காது.

அந்தத் திரைக்கதைக்காக 1982-இல் ஆஸ்கர் மேடையில் விருதைக் கையில் வைத்துக்கொண்டு வெலண்ட் கத்தினார்: "பிரிட்டிஷ்காரர்கள் வருகிறார்கள்!" இதை நடித்துக்காட்டும்போது பெரியவருக்குக் கண் கலங்கிவிட்டது. நான் சிரிப்பை விழுங்கினேன். கட்டபொம்மனைத் தூக்கில் போட்ட கயத்தாறு எங்கள் ஊருக்குப் பக்கம்தான். அங்கே அந்த வாக்கியத்துக்கு வேறு பொருள். அடுத்த ஆண்டும் அவர்கள் வந்து விருதுகளை அள்ளினார்கள், 'காந்தி'யைக் கூட்டிக்கொண்டு.

"அவர் நடித்ததில் 'கெஸ்' படத்தைப் பார். என்ன, அது யார்க்ஷயர்க்காரர்கள் கதை" என்று, பக்கத்து மாவட்டத்தாரை ஆகாதவர்போல் முகத்தைச் சுளித்துக்கொண்டே சொன்னார் பெரியவர். பார்த்தேன். பாதி வசனம் புரியவில்லை. புரியாமல் போகுமே என்று அந்தப் படத்தின் சில காட்சிகளுக்கு அப்போதே உச்சரிப்பில் காரத்தைக் குறைத்து மறுபடி குரல் பதிந்தார்களாம். புரியாமல் விழிப்பதில் நான் தனியாள் இல்லை. ஒரு காட்சி மட்டும் ஒரு சொல்கூடத் தப்பாமல் புரிந்தது.

வெலண்ட் அதில் ஆங்கில ஆசிரியர். உண்மைச் சம்பவம் ஏதாவது சொல் என்று பில்லி என்ற பையனிடம் கேட்கிறார். எதற்கும் வாய் திறக்காதவன், அடிவாங்கியே பழகியவன். முனகிக்கொண்டே எழுந்து, தான் வளர்க்கும் வல்லூறைப் பற்றிப் பேசத் தொடங்குகிறான். பறவையின் காலில் கட்டும் வாருக்கு ஒரு பெயர் சொல்கிறான். ஆசிரியருக்கு அந்தச் சொல் தெரியாது. கரும்பலகையில் எழுதச் சொல்லிவிட்டு அவர் ஒதுங்கி நிற்கிறார். நடித்துக் கற்ற நிற்பு அல்ல அது. வகுப்பறையில் நின்று பழகியவருக்குத்தான் அப்படி நிற்க வரும்.

படத்தை அங்கேயே நிறுத்திவிட்டேன்.

என் வகுப்பிலும் ஒருவன் இருந்தான். ஒன்பதாம் வகுப்பு, கடைசி வரிசை, மொட்டைமாடியில் கர்ணப்புறா வளர்ப்பவன். புறா எத்தனை குட்டிக்கரணம் அடித்து இறங்கியது என்று பக்கத்துப் பையனிடம் கையால் சுழற்றிக் காட்டிக்கொண்டிருப்பான். 'எனது பொழுதுபோக்கு' என்ற கட்டுரையை எல்லாருக்கும் நான்தான் சொல்லி எழுதவைத்தேன்: என் பொழுதுபோக்கு தபால்தலை சேகரிப்பு. அவன் எழுந்து, "எனக்குப் புறா சார்" என்றான். புறாவுக்குத் தேர்வில் மதிப்பெண் வராது என்றேன். வகுப்பே சிரித்தது. தபால்தலையை மனப்பாடம் செய்து பத்துக்கு ஏழு வாங்கினான். அவன் வீட்டுக்குத் தபால்தலை ஒட்டிய கடிதம் ஏதும் வந்திருக்கும் என்று தோன்றவில்லை.

இப்போது பழகிவிட்டது. ரொட்டிக் கடையில் பன்னை 'பார்ம்' என்று சரியாகக் கேட்கிறேன். மாலை ஐந்து மணிக்கு 'டீ' சாப்பிட வா என்றால் அது இரவுச் சாப்பாடு என்று தெரிந்து வயிற்றைக் காலியாக வைத்துக்கொண்டு போகிறேன். நான் இந்த ஊர்க்காரன் ஆகிவிட்டேன் என்று அம்மாவிடம்கூடச் சொல்லிவிட்டேன்.

நேற்று பெரியவர் வேலிக்கு மேலே தலையை நீட்டினார். "ஆல்ரைட், காக்?"

"நல்லாயிருக்கேன் வே" என்று வந்துவிட்டது வாயில்.

"வே என்றால் என்ன?" என்றார். சொல்லத் தொடங்கினேன். அவர் கையமர்த்தி, சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்து, தொட்டி மூடிமேல் கிடந்த பழைய உறையோடு என்னிடம் நீட்டினார். எழுதிக்கொடுக்க வேண்டுமாம்.