இரண்டாம் இடத்தில் நின்ற பெரிய நடிகர்

நேற்றிரவு 'ஏழாவது முத்திரை'யை மறுபடியும் பார்த்தேன். 1957இல் வந்த சுவீடன் படம். மரணத்தோடு சதுரங்கம் ஆடும் வீரனாக வந்த மாக்ஸ் வான் சீடோவை உலகமே அறியும். என் கண் மட்டும் ஒவ்வொரு முறையும் அவருடைய பணியாள் யோன்ஸ் மீதே போய் நிற்கிறது. அந்த வேடத்தில் நடித்தவர்தான் குன்னார் பியோர்ன்ஸ்ட்ராண்ட்.

ஒரு காட்சியில் வழி கேட்பதற்காகக் குதிரையிலிருந்து இறங்கி, உட்கார்ந்திருக்கும் ஒருவனைத் தொட்டுத் திருப்புகிறார். எதிரே அழுகிய பிணத்தின் முகம்! அலறவில்லை. திரும்பி வந்து, அவன் நன்றாகத்தான் பேசினான் என்கிற பாணியில் எஜமானிடம் பதில் சொல்கிறார். அந்த வறண்ட குரலை எப்படி மறப்பது?

1909இல் ஸ்டாக்ஹோமில் ஒரு நடிகரின் மகனாகப் பிறந்தவர். அரச நாடக அரங்கின் பள்ளியில் பயின்றார். 'ஏழாவது முத்திரை'யின் இயக்குநர் இங்மார் பெர்க்மன் இயக்கிய படங்களில் 1946இல் நடிக்கத் தொடங்கினார்; அது 36 ஆண்டுகள் நீண்டது. 'குளிர்கால ஒளி'யில் நம்பிக்கை வற்றிய பாதிரியாராக நாயகனே அவர்தான். ஆனாலும் 'பெர்சோனா'வில் சில நிமிடங்களே வரும் கணவன் வேடத்தையும் மறுக்கவில்லை. இந்தக் குணத்துக்கே அவரைக் கும்பிடத் தோன்றுகிறது.

1982இல் வந்த 'ஃபானியும் அலெக்சாண்டரும்' படத்தின்போது முதுமையில் நினைவு தடுமாறியது, வசனம் நிற்கவில்லை. பெர்க்மன் பொறுமையாக மீண்டும் மீண்டும் படமாக்கினார். வழுக்கைத் தலைமேல் எரியும் மெழுகுவர்த்தியுடன் கோமாளியாக அந்தக் கிழவர் பாடும் காட்சியில் என் கண்கள் கலங்கிவிட்டன. நான்கு ஆண்டுகளில் அவர் மறைந்தார்.

இன்றிரவு 'குளிர்கால ஒளி' பார்க்கப் போகிறேன்.