விசாரணை கைமாறிய பிறகு

“அந்த இன்ஸ்பெக்டராவது போனை எடுப்பாருங்க ஐயா. இப்ப யாருகிட்ட கேக்குறதுன்னே தெரியல.”

மகனின் மரணத்தை உள்ளூர் போலீஸ் விசாரிக்கக் கூடாது, வேறு பிரிவுக்கு மாற்ற வேண்டும் என்று என் மூலம் உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்ட பெரியவர் அவர். உத்தரவும் கிடைத்தது. பல மாதம் கழித்து இப்படிச் சொன்னார். குறையாகச் சொல்லவில்லை, என்னிடம் வழி கேட்டார். அதனால்தான் இன்னும் உறுத்துகிறது.

மனு விசாரணைக்கு வந்த நாளன்று அரசு வழக்கறிஞர் ஒரு யோசனை சொன்னார். “சந்தேகம் இன்ஸ்பெக்டர் மேல்தானே? அதே மாவட்டத்தில் ஒரு டிஎஸ்பி விசாரிக்கட்டும், எங்களுக்கு ஆட்சேபம் இல்லை.” நீதிபதி என்னைப் பார்த்தார். சரி என்றிருந்தால் அப்போதே முடிந்திருக்கும். நான் ஒப்புக்கொள்ளவில்லை. சந்தேகத்துக்குரிய ஆளின் நெருங்கிய உறவினர் அதே காவல் நிலையத்தில் வேலை பார்த்தார். மேலே டிஎஸ்பி வந்தாலும் கீழே ஓடி வேலை செய்வது அதே ஏட்டுகள்தானே? அதைச் சொல்லித்தான் வாதாடினேன். இன்று கேட்டாலும் அந்த வாதத்தில் எனக்குச் சந்தேகம் இல்லை.

இப்படி ஒரு உத்தரவு லேசில் கிடைக்காது. மாநில அரசு சம்மதிக்காவிட்டாலும் உயர் நீதிமன்றம் சிபிஐ விசாரணைக்கு உத்தரவிடலாம் என்று 2010-ல் சொன்ன உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வே, உள்ளூர் போலீஸ் மேல் ஒருவர் புகார் சொன்னார் என்பதற்காக மட்டும் மாற்றக் கூடாது என்றும் சொல்லியிருக்கிறது. மாநில போலீஸுக்குள்ளேயே வேறு பிரிவுக்கு மாற்றக் கேட்டாலும் எதிர்த்தரப்பு இதைத்தான் முதலில் எடுத்து நீட்டும். அதைத் தாண்டி வாங்கிய உத்தரவு என்று அன்று எனக்கு நிறைவாகத்தான் இருந்தது.

அப்புறம் கோப்பு கைமாறவே நாளானது. புது அதிகாரி சாட்சிகளை முதலிலிருந்து விசாரித்தார். பக்கத்து வீட்டுக்காரர் முதலில் சொன்ன நேரம் ஒன்று, இப்போது சொன்னது இன்னொன்று. பொய் இல்லை, மாதக்கணக்கில் ஆனால் யாருக்கும் அப்படித்தான் மறக்கும். போலீஸ் எழுதும் வாக்குமூலத்தில் சாட்சி கையெழுத்துப் போடுவதில்லை, ஆனாலும் குறுக்கு விசாரணையில் முரண்பாடு காட்ட அது போதும். எதிரித் தரப்பில் நான் நின்றிருந்தால் அந்த இரண்டு நேரங்களையும் விட்டிருக்கவே மாட்டேன்.

சாத்தான்குளம் நினைவுக்கு வருகிறது. 2020-ல் போலீஸ் பிடித்துச் சென்ற தந்தையும் மகனும் இறந்த அந்த வழக்கில், சிபிஐ வந்து ஏற்கும் வரை காத்திருந்தால் தடயம் போய்விடும் என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உடனே மாநில போலீஸின் குற்றப் புலனாய்வுப் பிரிவான சிபிசிஐடியை இறங்கச் சொன்னது. அடுத்த நாட்களிலேயே கைதுகள் நடந்தன. யார் விசாரிப்பது என்பதோடு எப்போது கையில் எடுப்பது என்பதையும் நீதிமன்றம் சேர்த்தே பார்த்தது. நாடே பார்த்துக்கொண்டிருந்த வழக்கு அது. பெரியவரின் மகனுக்காக ஒரு பத்திரிகையும் எழுதவில்லை.

அப்படியானால் டிஎஸ்பியை ஒப்புக்கொண்டிருக்க வேண்டுமா? விசாரணை வேகமாக முடிந்திருக்கலாம். ‘தற்கொலை’ என்று வேகமாக முடித்தும் வைத்திருக்கலாம். இரண்டில் எது நடந்திருக்கும் என்று யாராலும் சொல்ல முடியாது. அந்த இன்ஸ்பெக்டர் போனை எடுத்தார் என்பது உண்மை, ஆனால் எடுத்து என்ன சொன்னார்? “பார்த்துட்டிருக்கோம்” என்பதைத் தவிர வேறெதுவும் சொன்னதில்லை. ஆனால் பிள்ளையைப் பறிகொடுத்தவருக்கு அந்த வார்த்தையாவது கிடைத்துக்கொண்டிருந்தது. அதையும் சேர்த்துத்தான் நான் மாற்றக் கேட்டேன் என்பது அன்றைக்கு என் மனதில் இல்லை.

போன வாரம் ஒரு அம்மா இதே கோரிக்கையோடு வந்தார். “இப்ப விசாரிக்கிறவர் உங்ககிட்ட பேசுறாராம்மா?” என்று கேட்டேன்.

“பேசுறார் சார். ஆனா எனக்கு நம்பிக்கை இல்ல.”

பெரியவர் சொன்னதை அவரிடம் அப்படியே சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, பரவாயில்லை, மாற்றியே ஆக வேண்டும் என்றார். மனுவை எழுதிவிட்டேன். மாற்றிக் கொடுத்தால் இத்தனை நாளுக்குள் கோப்பைக் கைமாற்ற வேண்டும், மனுதாரருக்கு அவ்வப்போது விவரம் சொல்ல வேண்டும் என்று கூடுதலாக ஒரு பத்தி சேர்த்திருக்கிறேன். நீதிமன்றம் அதை ஏற்குமா என்று அடுத்த வாரம் தெரியும்.