நெட் இல்லாத இடத்திலும் திறக்கும் கேம்கள்: கிளம்புவதற்கு முதல் நாள் செய்யவேண்டியவை

ஸ்டோர் பக்கத்தில் 'ஆஃப்லைன்' என்று போட்டிருக்கும். நம்பி இறக்கி வைத்துக்கொண்டு ரயில் ஏறி, சிக்னல் போனதும் திறந்தால் 'இணைய இணைப்பைச் சரிபார்க்கவும்' என்று ஒரு பெட்டி வந்து நிற்கும். ஒரே ஆள் ஆடும் கேம் எல்லாமே நெட் இல்லாமல் ஓடும் என்று நினைத்துக்கொள்வதால் வரும் வினை இது.

'கிரான் டூரிஸ்மோ 7' எடுத்துக்கொள்ளுங்கள். அதன் முக்கியப் பகுதியில் கணினி ஓட்டும் கார்களோடுதான் போட்டி. ஆனாலும் 2022 மார்ச்சில் சர்வர் பராமரிப்பு 30 மணி நேரத்தைத் தாண்டி இழுத்தபோது, ஆட்டத்தில் பெரும்பகுதி யாருக்கும் திறக்கவில்லை. யூபிசாஃப்டின் 'தி க்ரூ' கதை இன்னும் மோசம். 2024 மார்ச் 31-ல் சர்வரை நிறுத்தினார்கள். தனியாகக் கார் ஓட்டும் பகுதியும் சேர்ந்தே போனது. காசு கொடுத்து வாங்கிய டிஸ்க் அலமாரியில் இருந்தும் பயனில்லை. அடுத்த மாதமே விற்ற கேம்களை நிறுவனங்கள் இப்படி முடக்கக்கூடாது என்று கேட்கும் 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' இயக்கம் தொடங்கியது. அந்தக் கோபம் முழுக்க நியாயமானது.

கேம் மூன்று இடங்களில் நெட்டைத் தேடும். நீங்கள் வாங்கியவர்தானா என்று உரிமத்தைச் சரிபார்க்க. இறங்காமல் மிச்சமிருக்கும் டேட்டாவை எடுக்க. எதுவரை ஆடினீர்கள் என்று பதியும் 'சேவ்' கோப்பை மேகத்தில், அதாவது நிறுவனத்தின் சர்வரில், வைக்க. எந்தக் கருவியாக இருந்தாலும் இந்த மூன்றையும் வீட்டில் நெட் இருக்கும்போதே முடித்துவிட வேண்டும்.

போனில் சோதிக்கும் முறை

பிளே ஸ்டோர் காட்டும் அளவை நம்பவேண்டாம். 150 எம்.பி. என்று இறங்கும் கேம், முதல் முறை திறந்ததும் உள்ளேயிருந்து இன்னும் ஒரு ஜி.பி. கேட்கலாம். சில கேம்கள் பயிற்சிக் கட்டம் முடிந்த பிறகுதான் அடுத்த பகுதியை இறக்கவே ஆரம்பிக்கும். அதனால் இன்ஸ்டால் ஆனதோடு விடாமல், திறந்து பயிற்சியை முடித்து, இரண்டு கட்டமாவது ஆடிவிடுங்கள். அமைப்புகளில் மொழி, குரல், உயர்தரப் படங்கள் என்று தனியாக இறக்கும் பொத்தான் இருக்கிறதா என்றும் பாருங்கள்.

அடுத்தது சோதனை. கேமை முழுவதும் மூடுங்கள். சமீபத்தில் திறந்தவை பட்டியலிலிருந்தும் தள்ளிவிடுங்கள். ஏரோப்ளேன் மோடைப் போடுங்கள். புதிய ஆண்ட்ராய்டு போன்கள் பல, ஏரோப்ளேன் மோடில் வைஃபையை அணைக்காமலே வைத்திருக்கும். முன்பு ஒரு முறை அந்த மோடில் நீங்களே வைஃபையைப் போட்டிருந்தால், போன் அதை நினைவில் வைத்துக்கொள்கிறது. ஆகவே வைஃபை சின்னம் உண்மையிலேயே போய்விட்டதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். பிறகு போனை ரீஸ்டார்ட் செய்யுங்கள். இதைத் தாண்டிப் போகிறவர்கள்தான் அதிகம். ரீஸ்டார்ட் செய்யாவிட்டால் சற்று முன் நடந்த லாகின் நினைவகத்தில் தங்கியிருந்து கேம் திறந்துவிடும். மறுநாள் பயணத்தில் காலை வாரிவிடும். ரீஸ்டார்ட் ஆனதும் கேமைத் திறந்து, சேவ் ஆகும் வரை ஆடி, மூடி, மறுபடி திறந்து பாருங்கள். விட்ட இடத்திலிருந்து வந்தால் தேறியது.

இத்தனையும் செய்து, இரண்டு மாதம் கழித்துப் பார்த்தால் கேமே காணாமல் போயிருக்கும். இடம் குறையும்போது, நெடுநாள் திறக்காத ஆப்களை ஆண்ட்ராய்டு தானாகவே சுருக்கி வைத்துவிடும். ஐகான் அப்படியே இருக்கும், மேலே ஒரு மேகக் குறி மட்டும் சேர்ந்திருக்கும். தொட்டால் நெட் கேட்கும். பிளே ஸ்டோர் அமைப்புகளில் 'பொது' என்பதற்குள், ஆப்களைத் தானாக ஆர்க்கைவ் செய்யும் வசதியை அணைத்து வையுங்கள். ஐபோனில் இதே வேலையைச் செய்வது ஆப் ஸ்டோர் அமைப்பிலிருக்கும் 'ஆஃப்லோட் அன்யூஸ்டு ஆப்ஸ்'. அதையும் அணைக்கவேண்டும்.

கணினி, ஸ்டீம் டெக்

கணினிக் கேம் கடையான ஸ்டீமில் ஆஃப்லைன் மோடு நன்றாகவே வேலை செய்கிறது, முன்னேற்பாடு இருந்தால். வரிசை இதுதான்: நெட்டோடு லாகின் செய்து பாஸ்வேர்டை நினைவில் வைக்கும் கட்டத்தில் டிக் போடுங்கள், காத்திருக்கும் அப்டேட்டை எல்லாம் முடியுங்கள், எடுத்துப்போகும் ஒவ்வொரு கேமையும் ஒரு முறை திறந்து மெனு வரை போய் வாருங்கள். முதல் முறை திறக்கும்போதுதான் டைரக்ட்எக்ஸ், விஷுவல் சி++ போன்ற துணைக்கோப்புகள் ஏறும். அதன்பிறகு ஸ்டீம் மெனுவில் 'கோ ஆஃப்லைன்'. அதன் கையடக்கக் கேம் கணினியான ஸ்டீம் டெக்கில் அமைப்புகள், இன்டர்நெட் என்று போனால் ஆஃப்லைன் மோடு இருக்கும்.

இங்கே இரண்டு இடத்தில் மாட்டுவார்கள். ஒன்று, ஸ்டீமில் வாங்கியிருந்தும் இன்னொரு நிறுவனத்தின் லாஞ்சர் (கேமைத் திறந்துவிடும் செயலி) வழியே திறக்கும் கேம்கள். அந்த லாஞ்சரிலும் தனியாக லாகின் செய்து வைத்திருக்கவேண்டும். இன்னொன்று, திருட்டு நகலைத் தடுக்கச் சில கேம்களில் வைக்கும் டெனுவோ பூட்டு. ஸ்டீம் டெக்கில் புரோட்டான் (விண்டோஸ் கேமை அதில் ஓடவைக்கும் மென்பொருள்) பதிப்பை மாற்றினாலே டெனுவோ அதைப் புதுக் கணினியாக எடுத்துக்கொண்டு நெட் கேட்கும். கிளம்பும் நேரத்தில் 'இந்தப் பதிப்பில் இன்னும் வேகமாக ஓடுமாம்' என்று மாற்றிப் பார்க்காதீர்கள்.

நெட்டைப் பற்றிக் கவலையே படாமல் கேம் சேர்க்க விரும்புகிறவர்களுக்கு என் முதல் தேர்வு ஜி.ஓ.ஜி. என்ற இணையக் கேம் கடை. அங்கே வாங்கும் கேமின் ஆஃப்லைன் இன்ஸ்டாலரை இறக்கி வைத்துக்கொண்டால், பத்து வருடம் கழித்தும் அதே கோப்பிலிருந்து ஏற்றலாம். எந்தச் சர்வரையும் அது கேட்காது. பெரிய கேம்களுக்கு ஒரு செட்டப் கோப்பும், 4 ஜி.பி. வரையுள்ள '.bin' கோப்புகள் சிலவும் வரும். எல்லாம் ஒரே ஃபோல்டரில் இருக்கவேண்டும், பெயரையும் மாற்றக்கூடாது. ஒன்று குறைந்தாலும் பாதி ஏறி நின்றுவிடும். ஃபேட்32 பென் டிரைவில் 4 ஜி.பி.யைத் தொடும் ஒற்றைக் கோப்பு ஏறாது. டிரைவை எக்ஸ்ஃபேட் ஆக ஃபார்மட் செய்துகொண்டால் தொல்லை இல்லை.

கன்சோல்

பி.எஸ்.5-ல் (பிளேஸ்டேஷன் 5) டிஜிட்டலாக வாங்கியவை நெட் இல்லாமல் திறக்க, அமைப்புகளில் 'யூசர்ஸ் அண்ட் அக்கவுன்ட்ஸ்', அதற்குள் 'அதர்', அதற்குள் 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் பிளே' என்பதைப் போட்டிருக்கவேண்டும். ஒரு கணக்குக்கு ஒரு கன்சோலில்தான் இது இயங்கும். பி.எஸ்.4-ல் 'ஆக்டிவேட் ஆஸ் யுவர் பிரைமரி பி.எஸ்.4'. பழைய பி.எஸ்.4 வைத்திருப்பவர்கள் அதன் மென்பொருள் 9.00 அல்லது அதற்கு மேலா என்றும் பார்க்கவேண்டும். அதற்கு முந்தைய பதிப்புகளில், உள்ளே இருக்கும் கடிகார பேட்டரி தீர்ந்து, நெட்டும் இல்லாவிட்டால் கேம்கள் திறக்க மறுத்தன. டிஸ்க் வைத்திருப்பவர்கள் அப்டேட்டை வீட்டிலேயே ஏற்றிவிடுங்கள்; டிஸ்க்கில் இருப்பது பெரும்பாலும் முதல் பதிப்புதான்.

நின்டெண்டோ ஸ்விட்சில் கேட்ரிட்ஜ் கேம்கள் பிரச்சினை செய்யாது. சந்தாவோடு வரும் பழைய கேம் தொகுப்புகள் மட்டும் 7 நாளுக்கு ஒரு முறை நெட்டைத் தொடவேண்டும்.

எதை ஆடுவது

போனில் ஒரே ஒரு கேம் மட்டும் வைத்துக்கொள்ளலாம் என்றால் 'ஷேட்டர்ட் பிக்சல் டன்ஜன்' என்பேன். ஆண்ட்ராய்டில் இலவசம், விளம்பரம் கிடையாது, மூலநிரலும் திறந்தே இருக்கிறது, பழைய போனிலும் ஓடும். முறை வைத்து ஆடும் ஆட்டம். நீங்கள் ஒரு அடி வைத்தால்தான் எதிரி ஒரு அடி வைப்பான். பஸ் குலுங்கினாலும், நடுவில் டிக்கெட் எடுத்தாலும் ஒன்றும் கெடாது. இறங்கிப் போகவேண்டிய நிலவறையில் மொத்தம் 26 தளம். செத்தால் முதலிலிருந்துதான்.

புதிதாக ஆடுகிறவர்கள் பெரும்பாலும் விழுவது 5-ஆம் தளத்தில், கூ என்கிற கூழ் அரக்கனிடம். அதற்கு உயிர்ப்புள்ளி 100. தண்ணீரில் நின்றால் அது காயத்தை ஆற்றிக்கொள்ளும், அந்தத் தளத்திலோ தண்ணீர் நிறைய. தண்ணீரில் வைத்து அடித்துக்கொண்டே இருந்தால், நீங்கள் குறைப்பதை அது ஏற்றிக்கொண்டே இருக்கும். முதலில் காய்ந்த தரைக்கு இழுத்து வரவேண்டும். நடுநடுவே அது உடலை ஊதிப் பெருக்கும். திரையில் செய்தியும் வரும். அப்போது இன்னொரு அடி கொடுக்க ஆசைப்படாதீர்கள். அடுத்து வரும் அடி பலமானது, 2 கட்டம் தள்ளி நின்றாலும் எட்டும். உடனே 3 கட்டம் விலகுங்கள், அல்லது சுவருக்குப் பின்னால் மறையுங்கள். எறியும் ஆயுதங்களை முதல் 4 தளத்தில் வீணாக்காமல் இதற்கென்று வைத்திருந்தால், விலகி நிற்கும் நேரமும் வீண் போகாது.

இன்னொன்று: மேம்படுத்தும் சுருள்கள் ஒவ்வொரு 5 தளத்துக்கும் 3 கட்டாயம் கிடைக்கும். ஆயுதத்துக்கு ஒன்று, கவசத்துக்கு ஒன்று, மோதிரத்துக்கு ஒன்று என்று பிரித்துப் போட்டால் எதுவும் உருப்படாது; ஒரே பொருளில் கொட்டுங்கள். கவசத்தின் வலிமைத் தேவையையும் பாருங்கள். தொடக்கத்தில் உங்கள் வலிமை 10. தோல் கவசம் 12 கேட்கும், வளையக் கவசம் 14 கேட்கும். போதாத வலிமையோடு மாட்டினால் எதிரியின் அடியைத் தவிர்ப்பது கடினமாகும்.

புதிர் பிடிக்கும் என்றால் சைமன் டாதமின் புதிர்த் தொகுப்பு. ஒரே ஆப்பில் 40-ஐ ஒட்டிய வகைகள். ஒவ்வொன்றும் அந்த நேரத்தில் புதிதாக உருவாக்கப்படுவதால் தீரவே தீராது. அதிலுள்ள கண்ணிவெடி ஆட்டத்தை (மைன்ஸ்வீப்பர்) எல்லோருக்கும் பரிந்துரைப்பேன். முதல் தொடுதலில் வெடிக்காது. அதற்குப் பிறகும் யூகிக்காமல் கணக்குப் போட்டே முடிக்கும்படிதான் பலகையை அமைக்கிறது. மாட்டிக்கொண்டால் எங்கோ ஒரு எண்ணைக் கவனிக்கவில்லை என்று அர்த்தம். ஒரு பலகையின் குறியீட்டை எழுதிக் கொடுத்தால் பக்கத்து சீட்டுக்காரரும் அதே புதிரைத் தன் போனில் திறக்கலாம். அதற்கும் நெட் வேண்டாம்.

காசு கொடுத்து வாங்குவதில் 'ஸ்டார்டியூ வேலி' (விவசாயம்), 'ஸ்லே தி ஸ்பையர்' (சீட்டுகளால் சண்டை), 'மினி மெட்ரோ' (ரயில் பாதை வரைவது) மூன்றும் ஆஃப்லைனுக்கு நன்றாகப் பொருந்தும். ஸ்டார்டியூவில் ஒரு நாள் நிஜத்தில் சுமார் 14 நிமிடம். படுத்துத் தூங்கினால்தான் சேவ் ஆகும். போன் பதிப்பில் நடுவில் வெளியேறினாலும் மீட்டுத் தரும் வசதி உண்டு, ஆனால் பேட்டரி 5 சதவீதத்தில் இருக்கும்போது அதை நம்பி புது நாளைத் தொடங்காதீர்கள். ஸ்லே தி ஸ்பையர் ஒவ்வொரு அறையின் வாசலிலும் சேவ் ஆகும்; சண்டை நடுவே மூடினால் அந்தச் சண்டை மட்டும் முதலிலிருந்து வரும்.

மைன்கிராஃப்ட் போன்றது இலவசமாக வேண்டும் என்றால் லுவான்டி இருக்கிறது. 2024 வரை மைன்டெஸ்ட் என்று அழைக்கப்பட்டது. வெறும் ஆப்பை மட்டும் இறக்கினால் கட்டுவதற்கு உலகம் இருக்காது, அது என்ஜின் மட்டுமே. நெட் இருக்கும்போதே உள்ளே போய் 'மைன்குளோனியா' போல ஒரு கேமை இறக்கி, ஒரு உலகத்தை உருவாக்கிப் பார்த்துவிடுங்கள்.

நாலு பேர் சேர்ந்து, நெட் இல்லாமல்

ஒரு ஆண்ட்ராய்டு போனில் ஹாட்ஸ்பாட் போட்டு மற்றவர்கள் அதில் சேர்ந்தால் போதும். டேட்டா பேக் தேவையில்லை. லுவான்டி, மைண்டஸ்ட்ரி, டெர்ரேரியா எல்லாம் இப்படி ஓடும். சேர்ந்த பிறகும் உலகம் தெரியவில்லை என்றால் காரணம் பெரும்பாலும் ஒன்றுதான்: 'இந்த வைஃபையில் இன்டர்நெட் இல்லை' என்று போன் தானாகவே மொபைல் டேட்டாவுக்குத் தாவியிருக்கும். எல்லோரும் மொபைல் டேட்டாவை அணையுங்கள்; கேட்டால் அதே இணைப்பில் தொடரச் சொல்லுங்கள். கேம் பதிப்பும் எல்லோரிடமும் ஒன்றாக இருக்கவேண்டும். இதை முதல் நாளே ஒப்பிட்டுவிடுவது நல்லது, அங்கே போய் அப்டேட் செய்யமுடியாது.

சார்ஜ்

சிக்னல் விட்டுவிட்டு வரும் பாதையில் போன் டவரைத் தேடித் தேடியே பேட்டரியைத் தின்னும். கேம் ஆடும்போது ஏரோப்ளேன் மோடு போட்டாலே நேரம் நீளும். வெளிச்சத்தைக் குறைத்து, 30 எஃப்.பி.எஸ். (நொடிக்கு 30 படம்) வசதி இருந்தால் அதையும் போடுங்கள். 20,000 எம்.ஏ.எச். பவர் பேங்க் என்பது 3.7 வோல்ட்டில் கணக்கிட்டால் 74 வாட்-மணி. வழியில் வீணாவது போக, 5,000 எம்.ஏ.எச். போனுக்கு மூன்று முறை வரும். 50 வாட்-மணி பேட்டரியுள்ள ஸ்டீம் டெக் ஓ.எல்.இ.டி.க்கு ஒரு முழு சார்ஜ்தான். டெக்கோடு வரும் சார்ஜர் 45 வாட். 18 வாட் மட்டும் தரும் பவர் பேங்கைச் செருகிக் கனமான கேம் ஆடினால், ஏறுவதைவிட இறங்குவது வேகமாக இருக்கும். விமானத்தில் பவர் பேங்கைக் கைப்பையில்தான் எடுத்துப்போக வேண்டும். 74 வாட்-மணி, பொதுவான 100 வாட்-மணி வரம்புக்குள்தான் வருகிறது.

வீடு திரும்பியதும் உடனே கணினியில் அதே கேமைத் திறக்காதீர்கள். முதலில் பயணத்தில் ஆடிய கருவியை நெட்டில் இணைத்து, சேவ் மேகத்தில் ஏறி முடியும் வரை காத்திருங்கள். மாற்றிச் செய்துவிட்டு, இரண்டு சேவில் எது வேண்டும் என்று ஸ்டீம் கேட்டால், அவசரத்தில் முதலாவதைத் தொடாமல் தேதியையும் நேரத்தையும் படித்துப் பாருங்கள். தவறானதைத் தேர்ந்தெடுத்தால் பயணம் முழுக்க ஆடியது அந்த ஒரு தொடுதலில் அழிந்துவிடும்.