மாமன் மகளை எதிர்த்து எழுதியவர்

மே 10
இன்று எழுத்தாளர் நயன்தாரா சேகலின் பிறந்தநாள். 1927-ல் பிறந்தவர். நேருவின் தங்கை விஜயலட்சுமி பண்டிட்டின் நடு மகள். இந்திரா காந்திக்கு அத்தை மகள். இந்த உறவை ஒதுக்கிவைத்துவிட்டு அவரைப் படிக்கலாம் என்பார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. வீட்டுக்குள் பார்த்ததையும் கேட்டதையும்தான் அவர் வாழ்நாளெல்லாம் எழுதினார். மறுபடி வரிசையாகப் படிக்கப் போகிறேன்.

மே 12
முதல் புத்தகம் 'பிரிசன் அண்ட் சாக்லெட் கேக்', 1954. இளமைக்கால நினைவுகள். அவருக்கு மூன்று வயது இருக்கும். மாலைத் தேநீருக்கு வழக்கமாக ரொட்டியும் வெண்ணெயும்தான். அன்று அதிசயமாக சாக்லெட் கேக். அந்த நேரம் பார்த்து போலீஸ் வருகிறது. சுதந்திரப் போராட்டத்தில் இருந்த அப்பாவைச் சிறைக்கு அழைத்துப் போக வந்திருக்கிறார்கள், கவலைப்பட ஒன்றுமில்லை, அவர் விரும்பித்தான் போகிறார் என்று அம்மா சொல்கிறார். பிள்ளைகள் முத்தம் கொடுத்து அனுப்பிவிட்டுக் கேக்கைச் சாப்பிடுகிறார்கள்.

யாரும் அழவில்லை. அதுதான் என்னைப் பிசைகிறது.

மே 13
அந்த அப்பா ரஞ்சித் பண்டிட், பாரிஸ்டர். காஷ்மீர் மன்னர்களின் வரலாறான கல்ஹணரின் ராஜதரங்கிணியை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்த சம்ஸ்கிருத அறிஞர். கடைசிச் சிறைவாசம் உடம்பை உருக்குலைத்துவிட்டது. விடுதலையாகி வந்து 1944 ஜனவரியில் இறந்துபோனார். மகள் அப்போது அமெரிக்காவில், வெல்லஸ்லி கல்லூரியில்.

உயில் இல்லை, மகனும் இல்லை. அன்றைய இந்துச் சட்டம் சொத்தை விஜயலட்சுமிக்குத் தராமல் கணவரின் சகோதரர் பக்கம் தள்ளிவிட்டது. 1937-லேயே மாகாண அமைச்சராக இருந்த பெண்ணுக்கே இந்தக் கதி என்றால் மற்றவர்களை என்ன சொல்ல! மகளின் 'தி டே இன் ஷேடோ' (1971) நாவலில் ஒரு பெண் விவாகரத்துக்குப் பின் தாங்க முடியாத வரிச்சுமையில் மாட்டிக்கொள்கிறாள். நயன்தாராவுக்கே 1967-ல் விவாகரத்து ஆகியிருந்தது. தலைமுறை மாறியும் பெண்ணின் கையில் பணம் தங்கவிடாத ஏற்பாடு மாறவில்லை.

மே 16
'ரிச் லைக் அஸ்' முடித்தேன். நெருக்கடி நிலைக் காலத்து டெல்லி. சோனாலி என்ற ஐ.ஏ.எஸ். அதிகாரி, வெளிநாட்டுக் குளிர்பானத் தொழிற்சாலை ஒன்றுக்கு அனுமதி மறுக்கிறாள். உடனே பதவியிலிருந்து தூக்கப்படுகிறாள். அப்புறம்தான் அவளுக்கு உறைக்கிறது: தானும் சக அதிகாரிகளும் எல்லாம் ஒழுங்காக நடப்பதுபோல் பாவனை செய்துகொண்டே, ஒரு குடும்பத்தின் ஆட்சிக்கு மேடை போட்டுக் கொடுத்திருக்கிறோம் என்று. கொடுங்கோலரை வில்லனாக்குவது எளிது. கோப்பில் கையெழுத்துப் போட்ட நல்லவர்களைக் கேள்வி கேட்டதுதான் இந்த நாவலின் பலம். கைகளை இழந்த பிச்சைக்காரர் ஒருவர் கதை நெடுக வருகிறார். அவரை நினைக்காமல் இருக்க முடியவில்லை.

மே 17
இப்படி எழுதியதற்கெல்லாம் நயன்தாரா விலை கொடுத்தார். இந்திராவின் ஆட்சிமுறையைப் பத்திரிகைகளில் வெளிப்படையாகவே விமர்சித்து வந்தவர் அவர். 1977 தேர்தலில் அம்மா விஜயலட்சுமியும் அண்ணன் மகளுக்கு எதிராகப் பிரசாரத்தில் இறங்கினார். ஜனதா அரசு 1979-ல் நயன்தாராவை இத்தாலிக்குத் தூதராக நியமித்தது. இந்திரா ஆட்சிக்குத் திரும்பி வந்ததும் அது ரத்தாகிவிட்டது. 1982-ல் இந்திராவின் அதிகாரப் பாதையைப் பற்றி மறுபடி ஒரு புத்தகம்! சொந்தக்காரர்களை விமர்சிக்க நம் வீடுகளில் யாருக்கு இந்த நெஞ்சுரம் வரும்?

மே 19
'ரிச் லைக் அஸ்' 1986-ல் சாகித்ய அகாடமி விருது வாங்கியது. 2015 அக்டோபரில் அதைத் திருப்பிக் கொடுத்தார். பகுத்தறிவுச் சிந்தனையாளர்களான தபோல்கர், பன்சாரே, கல்புர்கி கொல்லப்பட்டிருந்தார்கள். உத்தரப் பிரதேசத்தின் தாத்ரியில், மாட்டிறைச்சி வதந்தியால் முகமது அக்லாக் அடித்துக் கொல்லப்பட்டிருந்தார். இவற்றுக்கு எதிர்ப்பாகத்தான் அந்தத் திருப்பிக் கொடுத்தல். அப்போது அவருக்கு 88 வயது. 2019-ல் யவத்மாலில் மராத்தி இலக்கிய மாநாட்டைத் தொடங்கிவைக்க அழைத்துவிட்டு, பிறகு வரவேண்டாம் என்றார்கள். தயாரித்து வைத்திருந்த உரை பத்திரிகைகளில் வந்து, மாநாட்டுப் பந்தலைவிடப் பெரிய கூட்டத்துக்குப் போய்ச் சேர்ந்தது.

ஆட்சியில் மாமன் மகள் இருந்தாலும் வேறு யார் இருந்தாலும் அவருடைய அளவுகோல் ஒன்றேதான்.

சரி, அடுத்தது 'ஸ்டார்ம் இன் சண்டிகர்', 1969. பஞ்சாபும் ஹரியானாவும் பிரிந்தபின் ஒரே தலைநகருக்கு மல்லுக்கட்டும் இரண்டு முதலமைச்சர்கள், நடுவில் டெல்லியிலிருந்து வரும் ஒரு அதிகாரி. இன்றிரவே தொடங்குகிறேன்.